குடியிருப்புக்கு நடுவே மாசுத் தொழிற்சாலை: தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் மூடல் உத்தரவு பெற்று, அதை நிறைவேற்றவும் வைப்பது எப்படி

ஓசூர், கிருஷ்ணகிரி, தருமபுரியில் வீடுகளை ஒட்டி இயங்கும் பிளேட்டிங் (உலோக முலாம் பூசும்) பட்டறை, ஃபவுண்டரி, பவுடர் கோட்டிங் ஷெட், கிரானைட் அறுவை ஆலை, பிளாஸ்டிக் உருக்கும் கொட்டகை ஆகியவற்றுக்கு எதிராக ஊர்மக்கள் போடும் மனுக்கள் பலவும் ஒரே மாதிரிதான் தோற்கின்றன. முதலில் மறியல், அடுத்து ஆட்சியரிடம் மனு, ஒரு வருடம் கழித்து வக்கீல். அதற்குள் காலவரம்பு போயிருக்கும். மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் ஆலைக்குத் தரும் அனுமதியான இசைவாணையின் நகல் கையில் இருக்காது, மனுவில் இருக்கும் கம்பெனிப் பெயரும் தவறாக இருக்கும். கீழே உள்ள வரிசையை மாற்றாதீர்கள். ஒவ்வொரு படியிலும் கிடைக்கும் காகிதம்தான் அடுத்த படிக்கு ஆதாரம்.

1. ஆலை யாருடையது, எந்த நிலத்தில் இருக்கிறது

வாசலில் தொங்கும் பெயர்ப் பலகையை நம்பி மனு எழுதக் கூடாது. ஓசூர்ப் பக்கம் ஷெட் ஒருவருடையது, அதை வாடகைக்கு எடுத்து ஓட்டுபவர் இன்னொருவர், மின் இணைப்பு மூன்றாமவர் பெயரில் என்பது சாதாரணம். ஒருவர் பெயரில் மட்டும் மூடல் உத்தரவு வாங்கினால், மறுமாதமே அதே இயந்திரங்கள் வேறு பெயரில் ஓடும்.

அதனால் பெயரைவிட இடத்தைப் பிடியுங்கள். கிராமம், சர்வே எண், உட்பிரிவு, கதவு எண், மின் இணைப்பு எண் ஆகிய ஐந்தும் வேண்டும். பட்டாவும் புலப்படமும் (நில அளவை வரைபடம்) வருவாய்த் துறையின் இணையச் சேவையில் கிடைக்கும். வில்லங்கச் சான்று எடுத்தால் நில உரிமையாளர் யாரென்று தெரியும். வழக்கில் ஷெட் உரிமையாளர், ஓட்டுபவர் இருவரும் எதிர்மனுதாரர்களாக இருக்க வேண்டும்.

அடுத்தது நிலப் பயன்பாடு. நகரின் முழுமைத் திட்டத்தில் (மாஸ்டர் பிளான்) அந்தச் சர்வே எண் குடியிருப்பு மண்டலமா, தொழில் மண்டலமா என்று நகர ஊரமைப்பு அலுவலகத்தில் எழுத்தில் வாங்குங்கள். இதைத் தவிர்த்துவிட்டுப் போகிறவர்கள்தான் நீதிமன்றத்தில் அதிகம் அடிபடுகிறார்கள். ஜூஜூவாடி, மூக்கண்டப்பள்ளி போல சிப்காட் தொழிற்பேட்டையை ஒட்டி வீடுகள் பெருகிய இடங்களில் ஆலை தொழில் மண்டலத்தில் இருக்கலாம், நம் வீட்டுமனைதான் அங்கீகாரம் பெறாததாக இருக்கலாம். அப்படியானால் ‘மூடு’ என்று கேட்டால் நிற்காது. இசைவாணை நிபந்தனைகளை நிறைவேற்று, மீறினால் நிறுத்து என்று கேட்பதே சரி. கோரிக்கை சிறிதாகத் தெரியும், ஆனால் அந்த நிலைமையில் அதுதான் வெல்லும்.

2. இசைவாணையை ஆர்டிஐ (தகவல் அறியும் உரிமைச் சட்டம்) வழியாக எடுப்பது

தண்ணீர்ச் சட்டம் 1974, காற்றுச் சட்டம் 1981 இரண்டின் கீழும் மாசு உண்டாக்கும் ஆலை மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்திடம் இரண்டு கட்டமாக அனுமதி வாங்க வேண்டும். கட்டுவதற்கு முன் நிறுவும் இசைவாணை, ஓட்டுவதற்கு முன் இயக்கும் இசைவாணை. உங்கள் வழக்கு மூன்று வகையில் எதில் சேரும் என்பதை இந்தக் காகிதங்களே சொல்லும்: இசைவாணையே இல்லை; காலாவதி ஆகிவிட்டது; இசைவாணை இருக்கிறது, நிபந்தனையை மீறுகிறது. முதலிரண்டும் எளிது, ஆய்வக அறிக்கைகூட இல்லாமல் நிற்கும். மூன்றாவதற்குத்தான் அளவீடு தேவை.

மாவட்ட சுற்றுச்சூழல் பொறியாளர் அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி மனு போடுங்கள். கிருஷ்ணகிரி மாவட்டத்துக்கான அலுவலகம் ஓசூர் சிப்காட்டில் இருக்கிறது. கேட்க வேண்டியவை:

- இசைவாணைகளின் நகல், இணைப்பில் உள்ள நிபந்தனைகள் உட்பட
- விண்ணப்பத்தோடு ஆலை கொடுத்த நிலப் பயன்பாட்டுச் சான்று, இயந்திரப் பட்டியல், குதிரைத்திறன் விவரம்
- கடந்த மூன்று வருட ஆய்வு அறிக்கைகள், மாதிரிப் பகுப்பாய்வு முடிவுகள்
- அனுப்பிய நோட்டீஸ்கள், அவற்றுக்கு ஆலை தந்த பதில்கள்

‘ஏன் நடவடிக்கை எடுக்கவில்லை?’ என்று கேட்காதீர்கள். கோப்பில் இருப்பதைத்தான் ஆர்டிஐயில் தருவார்கள், காரணம் சொல்லும் கடமை அவர்களுக்கு இல்லை. பதிலுக்கு 30 நாள். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதற்குப் பின் 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம்.

இதேபோன்ற இன்னொரு மனுவை மாநகராட்சி, நகராட்சி அல்லது ஊராட்சிக்கு அனுப்பி, தொழில் உரிமமும் கட்டட அனுமதியும் கேளுங்கள். குடோன் என்று அனுமதி வாங்கிய கட்டடத்தில் அமிலத் தொட்டி வைத்திருப்பது இங்கேதான் வெளிப்படும்.

இயந்திரப் பட்டியலை ஊன்றிப் படியுங்கள். இரண்டு தொட்டிக்கு இசைவாணை வாங்கிவிட்டு ஆறு தொட்டி ஓட்டினால், அது இசைவாணை இல்லாத விரிவாக்கம். ஒரு சொட்டுத் தண்ணீர்கூடச் சோதிக்காமல் நிரூபிக்கக்கூடிய மீறல் இது.

3. ஆதாரம் சேர்ப்பது

ஒரு தடிமனான நோட்டு வாங்கி, பக்கத்துக்கு ஐந்து பத்தி போடுங்கள்: தேதி, ஆரம்பித்த நேரம், முடிந்த நேரம், என்ன கண்டது, பார்த்தவர் கையெழுத்து. ‘எப்போதும் நாற்றம்’ என்று எழுதினால் பயனில்லை. ‘இரவு 11.40 முதல் 1.15 வரை, பின்பக்கக் குழாயிலிருந்து சாக்கடையில் மஞ்சள் நிறத் தண்ணீர், கண் எரிச்சல்’ என்று எழுதினால், அந்த நேரத்துக்கு வந்து பாருங்கள் என்று வாரியத்திடம் கேட்க முடியும். பொழுதுபோன பிறகும் மழை பெய்யும்போதும் தொட்டியைத் திறந்துவிடும் பழக்கம் உண்டு. அந்த நேரங்களை விடாதீர்கள்.

படமும் வீடியோவும் எடுத்த போனிலேயே மூலக் கோப்பை வைத்திருங்கள். வாட்ஸ்அப்பில் அனுப்பியதைச் சேமித்தால் கோப்பு சுருங்கி, தேதி, இட விவரங்களும் போய்விடும். மின்னணு ஆதாரத்துக்கு பாரதிய சாக்ஷிய அதினியம் (புதிய சாட்சியச் சட்டம்) 2023, பிரிவு 63(4)-இன் கீழ் சான்று இணைக்க வேண்டும்.

தண்ணீர் மாதிரி விஷயத்தில் இரண்டு தவறு திரும்பத் திரும்ப நடக்கிறது.

முதலாவது, எதைச் சோதிப்பது என்று தெரியாமல் ‘எல்லாம் பாருங்கள்’ என்பது. தருமபுரி, கிருஷ்ணகிரி நிலத்தடி நீரில் ஃபுளோரைடு இயற்கையாகவே அதிகம். ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வந்ததற்கே அதுதான் காரணம். அறிக்கையில் ஃபுளோரைடை முன்னால் வைத்தால், ஆலையின் வக்கீல் அதை ஒரே வரியில் தட்டிவிட்டு, மற்ற எண்களையும் அதோடு சேர்த்துச் சந்தேகிக்க வைப்பார். தொழிலுக்கேற்ற பொருளைக் கேளுங்கள். குரோம் பிளேட்டிங் என்றால் ஆறு இணைதிற குரோமியம், மொத்தக் குரோமியம், நிக்கல், அமிலக் காரத்தன்மை. பேட்டரி உருக்குமிடம் என்றால் ஈயம். மாங்கூழ் ஆலை, ஜவ்வரிசி ஆலை என்றால் பி.ஓ.டி., சி.ஓ.டி. (தண்ணீரில் கரிமக் கழிவு எவ்வளவு என்று காட்டும் ஆக்சிஜன் தேவை அளவுகள்). குடிநீருக்கான இந்தியத் தரத்தில் ஈயம் லிட்டருக்கு 0.01 மில்லிகிராம், மொத்தக் குரோமியம் 0.05, நிக்கல் 0.02 என்பதே வரம்பு. ஆலையிலிருந்து நீர்நிலைக்கு வெளியேறும் கழிவுநீரில் பி.ஓ.டி. லிட்டருக்கு 30 மில்லிகிராம், சி.ஓ.டி. 250, ஆறு இணைதிற குரோமியம் 0.1-ஐத் தாண்டக் கூடாது.

இரண்டாவது, எடுக்கும் இடமும் முறையும். பொதுச் சாக்கடையில் ஒரே இடத்தில் எடுத்தால், ‘பத்துப் பட்டறைத் தண்ணீர் அதில் வருகிறது’ என்பார்கள். ஆலையின் குழாய் சேரும் இடத்துக்கு மேலே ஒன்று, கீழே ஒன்று, தள்ளி இருக்கும் பாதிக்கப்படாத கிணற்றில் ஒன்று என எடுங்கள். உலோகச் சோதனைக்குப் பிளாஸ்டிக் பாட்டில், அதில் நைட்ரிக் அமிலம் சில துளி. பி.ஓ.டி.க்கும் ஆறு இணைதிற குரோமியத்துக்கும் அமிலம் கூடாது, ஐஸ் பெட்டியில் வைத்து 24 மணி நேரத்துக்குள் ஆய்வகம் சேர வேண்டும். என்.ஏ.பி.எல். (ஆய்வகங்களின் தரத்தை மதிப்பிடும் தேசிய வாரியம்) அங்கீகாரம் உள்ள ஆய்வகத்தையே தேர்ந்தெடுத்து, அவர்கள் ஆளையே வந்து எடுக்கச் சொல்லுங்கள்.

இவ்வளவு செய்தாலும் உங்கள் மாதிரி துணை ஆதாரம்தான். தண்ணீர்ச் சட்டப் பிரிவு 21-இன்படி, வாரிய அதிகாரி ஆலைக்கு அறிவிப்பு கொடுத்து எடுத்த மாதிரிதான் சட்டப்படி செல்லும். உங்கள் அறிக்கையின் வேலை, அந்த அதிகாரியை அங்கே வரவைப்பது.

சத்தம் பிரச்சினையென்றால் (ஃபோர்ஜிங் பிரஸ், கிரானைட் அறுவை) குடியிருப்புப் பகுதி வரம்பு பகலில் 55 டெசிபல், இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை 45. வரம்பை 10 டெசிபல் தாண்டினால் 2000-ஆம் ஆண்டு ஒலி மாசு விதிகளின்படி புகார் செய்யலாம். போன் செயலியில் அளந்ததைக் குறிப்பாக மட்டும் வையுங்கள், ஆதாரமாக நம்பாதீர்கள்.

4. பருவம் தவறாமல் புகார் கொடுப்பது

கிருஷ்ணகிரியின் மாங்கூழ் ஆலைகள் மாம்பழ வரத்து இருக்கும் கோடை மாதங்களில்தான் முழு வேகத்தில் ஓடும். நவம்பரில் புகார் கொடுத்தால், ஆய்வுக்கு வருகிறவர் காய்ந்த தொட்டியைப் பார்த்து ‘கழிவுநீர் வெளியேற்றம் இல்லை’ என்று எழுதுவார். அந்த ஒரு வரி பின்னால் உங்களுக்கே எதிராக நிற்கும். ஆலை ஓடும் முதல் வாரத்திலேயே புகார் கையில் இருக்க வேண்டும். கிரானைட் ஆலைக்கு இது தலைகீழ். மழையில் தூசு அடங்கிவிடும், வறண்ட காற்று வீசும் மாதங்களில் அளக்கச் சொல்லுங்கள்.

புகார் இரண்டு பக்கத்துக்குள் இருக்கட்டும். ஆலை விவரம், மீறல் எது, இசைவாணையின் எத்தனையாவது நிபந்தனை, ஆதாரப் பட்டியல், கோரிக்கை. கோரிக்கையில் ‘தண்ணீர்ச் சட்டம் பிரிவு 33ஏ, காற்றுச் சட்டம் பிரிவு 31ஏ-இன் கீழ் ஆலையை மூடவும் மின் இணைப்பைத் துண்டிக்கவும் உத்தரவிடுக’ என்று பிரிவு எண்ணோடு எழுதுங்கள். ‘தக்க நடவடிக்கை எடுக்க வேண்டுகிறோம்’ என்றால், ஒரு நோட்டீஸ் அனுப்புவதும் தக்க நடவடிக்கைதான் என்று கோப்பை முடித்துவிடலாம். மாசு செய்தவரிடம் இழப்பீடும் வசூலிக்கக் கேளுங்கள். இந்தப் பிரிவுகளின் கீழ் வாரியங்களுக்கு அந்த அதிகாரம் உண்டு என்று உச்ச நீதிமன்றம் 2025 ஆகஸ்டில் தீர்ப்பளித்திருக்கிறது.

வாரியத் தலைவர், மாவட்ட சுற்றுச்சூழல் பொறியாளர், ஆட்சியர், உள்ளாட்சி ஆணையர் ஆகியோருக்குத் தனித்தனியாக, ஒப்புகையோடு ஸ்பீடு போஸ்டில் அனுப்புங்கள். திங்கள்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளிலும் ஒரு பிரதி கொடுத்து ரசீது வாங்குங்கள். அது தேதிக்கான சாட்சி. அதை மட்டும் நம்பி உட்காருவதுதான் தவறு.

புகாருக்குப் பின் வாரியம் ஆலைக்கு விளக்கம் கேட்டு நோட்டீஸ் அனுப்பும், வழக்கமாக 15 நாள் அவகாசம். நோட்டீஸ் போன தேதியைக் கேட்டு நோட்டில் குறித்துக்கொள்ளுங்கள்.

5. கோட்டாட்சியர் வழி

உடனடித் தொல்லை என்றால், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 2023, பிரிவு 152-இன் கீழ் (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 133) பொதுத் தொல்லையை நீக்க நிர்வாக நடுவர் நிபந்தனை உத்தரவு போடலாம். தருமபுரி, அரூர், கிருஷ்ணகிரி கோட்டாட்சியர்களிடமும் ஓசூர் சார் ஆட்சியரிடமும் இந்த மனுவைக் கொடுக்கலாம். மக்களின் உடல்நலத்துக்குக் கேடான தொழிலையே நிறுத்தச் சொல்லும் அதிகாரம் இதில் இருக்கிறது. ஒரே வீட்டின் புகாராக இருந்தால் தனிப்பட்ட தகராறு என்று தள்ளிவிடுவார்கள். தெருவில் பல வீட்டாரும் கையெழுத்திட்டு, சிலர் நேரில் சாட்சி சொல்லத் தயாராக இருக்க வேண்டும்.

6. எந்த மன்றம்?

தேசிய பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு சென்னை சேப்பாக்கம் கலச மகாலில் இருக்கிறது. தண்ணீர், காற்று, சுற்றுச்சூழல் பாதுகாப்பு உள்ளிட்ட ஏழு சட்டங்களின் கீழ் வரும் பிரச்சினைகளை மட்டுமே அது விசாரிக்கும். நகர ஊரமைப்புச் சட்டம் 1971 அந்தப் பட்டியலில் இல்லை. உங்கள் வழக்கின் முதுகெலும்பு ‘குடியிருப்பு மண்டலத்தில் அனுமதியில்லாத கட்டடம்’ என்பதாக இருந்தால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான் வழி. இரு மாவட்டங்களும் சென்னை முதன்மை அமர்வின் கீழ் வருகின்றன, மதுரைக் கிளையின் கீழ் அல்ல. மாசு, இசைவாணை, இழப்பீடு என்றால் தீர்ப்பாயம்.

மன்றம் தவறினால் எவ்வளவு பெரிய வழக்கும் விழும். ஸ்டெர்லைட் வழக்கில் ஆலையைத் திறக்கச் சொன்ன பசுமைத் தீர்ப்பாயத்தின் உத்தரவை, அதை விசாரிக்கும் அதிகாரமே தீர்ப்பாயத்துக்கு இல்லை என்று சொல்லித்தான் உச்ச நீதிமன்றம் 2019 பிப்ரவரி 18 அன்று ரத்து செய்தது.

காலவரம்பு கண்டிப்பானது. தீர்ப்பாயச் சட்டப் பிரிவு 14-இன்படி, பிரச்சினை முதலில் எழுந்த நாளிலிருந்து ஆறு மாதம், தகுந்த காரணம் காட்டினால் மேலும் 60 நாள். இழப்பீடு, சீரமைப்பு கோருவதற்குப் பிரிவு 15-இல் ஐந்து வருடம். ‘பத்து வருடமாகத் தொல்லை’ என்று மனுவின் முதல் வரியில் பெருமையாக எழுதுவது, காலம் கடந்துவிட்டது என்று நாமே எதிர்த்தரப்புக்கு எழுதிக் கொடுப்பது போல. புதிய தொட்டி வைத்தது, இசைவாணை காலாவதியானது, இசைவாணை புதுப்பிக்கப்பட்டது என உண்மையில் நடந்த அண்மை நிகழ்வு எதுவோ, அதன் தேதியைக் காட்டி அதிலிருந்து கணக்கைத் தொடங்குங்கள்.

இழப்பீடு கோராத மனுவுக்குத் தீர்ப்பாயக் கட்டணம் 1000 ரூபாய். மனு ஆங்கிலத்தில் இருக்க வேண்டும், தமிழ் ஆவணங்களுக்கு மொழிபெயர்ப்பு சேர்க்க வேண்டும். வக்கீல் வைக்க வசதியில்லையென்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள். பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், தொழிலாளர்களுக்கு வருமான வரம்பு இல்லாமலே இலவச உதவி உண்டு. தொலைபேசி 15100. முதல் மனுதாரர் பெண்ணாக இருப்பது இங்கே நடைமுறையில் உதவும்.

7. மனுவில் விடக் கூடாதவை

எதிர்மனுதாரர் பட்டியலில் வாரியம், ஆட்சியர், உள்ளாட்சி, ஆலை ஓட்டுபவர், ஷெட் உரிமையாளர் ஆகியோரோடு மின்பகிர்மானக் கழகத்தின் மேற்பார்வைப் பொறியாளரையும் சேருங்கள். கடைசியில் ஃபியூஸைப் பிடுங்கப் போவது அவர் ஆட்கள்தான். வழக்கில் இல்லாதவருக்கு உத்தரவு போய்ச் சேரவே வாரங்கள் ஆகும்.

கோரிக்கைகளில் மூடல், மின் துண்டிப்பு, ஜெனரேட்டருக்கும் ஆழ்துளைக் கிணற்றுக்கும் சீல், கிடக்கும் கழிவை அகற்றுதல், பாதிக்கப்பட்ட வீடுகளுக்குக் குடிநீர், நிலத்தடி நீர்ச் சீரமைப்பு ஆகியவை தனித்தனி வரியாக வர வேண்டும். கேட்காததை மன்றம் தருவது அரிது.

தொழிலாளர்களை மறக்காதீர்கள். அந்தப் பட்டறையில் வேலை செய்கிறவர்களும் பெரும்பாலும் அதே ஊர்க்காரர்கள்தான். சிப்காட், சிட்கோ வளாகத்துக்கு இடம் மாற்றவும், இடைக்காலத்தில் அவர்களுக்குச் சம்பளம் தரவும் ஒரு கோரிக்கை சேருங்கள். டெல்லியில் 168 ஆலைகளை 1996 நவம்பர் 30-க்குள் நிறுத்தச் சொன்ன உச்ச நீதிமன்ற உத்தரவிலேயே இடமாற்றமும் தொழிலாளர் உரிமையும் சேர்ந்தே வந்தன. இந்தக் கோரிக்கை நியாயமானது, ஊர் இரண்டாகப் பிரிவதையும் தடுக்கும்.

தீர்ப்பாயம் பொதுவாகக் கூட்டுக் குழு அமைத்து அறிக்கை கேட்கும். குழு வரும் நாளில் மனுதாரர் கூடவே இருங்கள், பின்பக்கக் குழாயைக் காட்டுங்கள், மாதிரி எடுக்கும் இடத்தைப் படம் பிடியுங்கள். அறிக்கை பாதகமாக வந்தால் அடுத்த விசாரணைக்குள் எழுத்தில் ஆட்சேபணை போட வேண்டும். சும்மா இருந்தால் அந்த அறிக்கையே தீர்ப்பாகிவிடும்.

8. உத்தரவு வந்த நாளிலிருந்து

இங்கேதான் பலர் பட்டாசு வெடித்துவிட்டு வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். ஆலைத் தரப்பு அன்றே தடையாணைக்கு ஓடும். உத்தரவு வருமுன்பே உயர் நீதிமன்றத்தில் (தீர்ப்பாய உத்தரவென்றால் உச்ச நீதிமன்றத்திலும்) கேவியட் எனும் முன்னெச்சரிக்கை மனு போட்டு வைத்தால் உங்களைக் கேட்காமல் தடை கிடைப்பது கடினம். கேவியட்டுக்கு 90 நாள்தான் உயிர், முடிந்ததும் புதிதாகப் போடுங்கள்.

சான்றிட்ட நகல் வாங்கி, மின்வாரிய உதவிப் பொறியாளர், மேற்பார்வைப் பொறியாளர், உள்ளாட்சி, காவல் நிலையம் ஆகிய இடங்களில் நேரில் கொடுத்து, பிரதியில் தேதியோடு கையெழுத்து வாங்குங்கள். மின்சாரம் துண்டிக்கும் நாளில் மீட்டரில் நிற்கும் அளவைப் படம் எடுங்கள். பக்கத்து வீட்டு இணைப்பிலிருந்து கேபிள் இழுப்பது, இரவில் ஜெனரேட்டரில் ஓட்டுவது இரண்டும் நடக்கும். டீசல் கேன் வரும் நேரம், சிம்னிப் புகை, லாரி வந்துபோகும் நேரம் எல்லாம் மறுபடி அதே நோட்டில் ஏற வேண்டும்.

மூடிய பிளேட்டிங் பட்டறையில் அமிலத் தொட்டி நிறைந்தே கிடந்தால், அடுத்த மழைக்கு அது நிரம்பித் தெருவுக்கு வரும். 2016-ஆம் ஆண்டு அபாயகரக் கழிவு விதிகளின்படி கழிவை 90 நாளுக்கு மேல் இருப்பு வைக்கக் கூடாது. அனுமதி பெற்ற கிடங்குக்கு அனுப்பிய ரசீதின் நகலை வாரியத்திடம் கேட்டு வாங்குங்கள்.

சில மாதங்களில் ‘சுத்திகரிப்பு நிலையம் போட்டுவிட்டோம், சோதனை ஓட்டத்துக்கு அனுமதி வேண்டும்’ என்று ஆலை மனுச் செய்யும். குடியிருப்பு மண்டலம் என்பதே மூடலுக்குக் காரணமாக இருந்தால் சுத்திகரிப்பு நிலையம் அதற்குப் பதிலாகாது. முடிவெடுக்குமுன் எங்களையும் கேளுங்கள் என்று வாரியத்துக்கு முன்கூட்டியே கடிதம் கொடுத்து வையுங்கள்.

உத்தரவை மீறி ஓட்டினால், தீர்ப்பாய உத்தரவுக்குப் பிரிவு 25-இன் கீழ் நிறைவேற்று மனு போடலாம். உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணை போலவே அதை நிறைவேற்றுவார்கள். உயர் நீதிமன்ற உத்தரவென்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு, மீறல் நடந்த நாளிலிருந்து ஒரு வருடத்துக்குள். திருப்பூர்ச் சாயப்பட்டறைகளுக்கு 2006 டிசம்பரில் கெடு வைத்து உத்தரவு வந்தும் நொய்யலில் சாயம் ஓடிக்கொண்டுதான் இருந்தது. விவசாயிகள் விடாமல் அவமதிப்பு மனுவோடு நின்ற பிறகே, 2011 ஜனவரி 28 அன்று எல்லாப் பட்டறைகளையும் மூடி மின்சாரத்தைத் துண்டிக்க உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது.

அவமதிப்பு மனுவில் அதிகாரியைப் பதவிப் பெயரோடு, மீறல் நடந்த காலத்தில் அந்தப் பொறுப்பில் இருந்தவரின் சொந்தப் பெயரிலும் சேர்க்க வேண்டும். இடமாறுதல் அடிக்கடி நடப்பதால், யார் எந்தத் தேதி முதல் பொறுப்பில் இருந்தார் என்பதையும் ஆர்டிஐயில் எடுத்து இணைத்துவிடுங்கள்.